பாப்பம் ஆண்டகை

ஒரு மனிதன் தன் வாழ்நாள் முழுவதும் யாருக்கும் ‘முடியாது’ என்றும் சொல்லாமல், யாருக்கும் ‘சரி’ என்றும் சொல்லாமல் இருந்தால் என்ன ஆவான்? வீட்டில் தொல்லை ஆவான். அலுவலகத்தில் மேலாளர் ஆவான். திருச்சபையில் இருந்தால் பேராயர் ஆவான்.

மொன்றியலில் யோசெப் விமலநாதன் அப்படித்தான் பேராயர் ஆனார். அவர் வாயில் எப்போதும் தயாராக இருந்த சொல் ‘பாப்பம்’, அதாவது ‘பார்ப்போம்’. யாழ்ப்பாணத்துப் ‘பாப்பம்’ லேசுப்பட்ட சொல் அல்ல. கலியாணப் பேச்சில் அது மறுப்பு. சைக்கிள் கேட்ட பிள்ளைக்கு அது அடுத்த வருடம். வேலைக்கு மனுப்போட்டவனுக்கு அது ‘போய்விட்டு வா’. வைத்தியர் சொன்னால் சொந்தக்காரருக்கு ஆள் அனுப்ப வேண்டியதுதான். விமலநாதன் அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு அறுபத்தாறு வயதுவரை வந்துவிட்டார்.

அவர் சுண்டிக்குளியில் ஒரு சேர்ச் மிசன் குடும்பத்தில் பிறந்தவர். அதாவது அங்கிலிக்கன் சபை. சில நூறு வருடங்களுக்கு முன் இங்கிலாந்து ராசா ஒருவருக்கு மனைவியை மாற்றவேண்டி இருந்தது. றோமாபுரி சம்மதிக்கவில்லை. ராசா சபையையே மாற்றிக்கொண்டார். இப்படி ஒரு கலியாணக் குழப்பத்தில் பிறந்த சபை கப்பலேறி யாழ்ப்பாணம் வந்து, பள்ளிக்கூடம் கட்டி, கிரிக்கெட் சொல்லிக்கொடுத்து, சாதியை மட்டும் தொட்டும் தொடாமலும் விட்டுவிட்டு, கடைசியில் விமலநாதனின் தகப்பனாருக்குக் கோயிலில் வேதம் வாசிக்கிற உத்தியோகமும் கொடுத்தது.

எண்பத்தைந்தாம் ஆண்டு, உயிர் தப்பினால் போதும் என்று மொன்றியலுக்கு வந்த விமலநாதன் டோர்வல் விமான நிலையத்தில் ஒன்பது வருடம் பெட்டி தூக்கினார். பெட்டி தூக்குகிறவன் இது யாருடையது, ஏன் இவ்வளவு பாரம் என்று கேட்பதில்லை. வருகிறதைத் தூக்கிப் போகிற இடத்துக்கு அனுப்புவான். பின்னாளில் அவர் ஆயராக இருந்து செய்த நிர்வாகமும் அதுதான். ஒரு பெட்டியும் தொலையவில்லை என்பதையும் ஒத்துக்கொள்ள வேண்டும்.

அங்கே பெட்டிகள் ஓடுகிற பெல்ற்றுக்கு அந்தப் பக்கம் நின்று பெட்டி தூக்கியவர் அருளம்பலம். சைவர். நெற்றியில் திருநீறு இல்லாமல் அவரை அவருடைய கடவுச்சீட்டுப் படத்தில் மட்டும்தான் பார்க்கலாம். விமலநாதனுக்குக் கலியாணம் நடந்ததற்கும் அருளம்பலமே சாட்சி. குருநகர்க் கத்தோலிக்கப் பெண்ணான செலீன் முதியோர் இல்லத்தில் தாதியாக இருந்தாள். ஒருநாள் மெற்றோ நிலையத்து மேடையில் வைத்துக் கேட்டுவிட்டாள்.

“இஞ்சருங்கோ, என்னைக் கட்டுவியளோ மாட்டியளோ?”

“பாப்பம்.”

அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டு அவள் அடுத்த சனிக்கிழமையே கூறைச்சேலை வாங்கப் போய்விட்டாள். செலீன் விளங்கிக்கொண்ட மாதிரி எல்லாரும் அந்தச் சொல்லை விளங்கிக்கொண்டிருந்தால் உலகத்தில் பாதி வேலை முடிந்திருக்கும்.

கோட்-டெ-நேஜ் பகுதியில் புனித ஒஸ்வால்ட் என்று ஒரு பழைய கருங்கல் கோயில். வெள்ளைக்காரச் சனம் செத்தும், ரொறன்ரோவுக்குப் போயும், காலையில் எழும்பப் பஞ்சிப்பட்டும் குறைந்துபோய்ப் பதினான்கு பேர்தான் மிச்சம். அதிலும் மூன்று பேர் இலவச சூப்புக்கு வருகிறவர்கள். அங்கிருந்த கிழப் பாதிரியார் விமலநாதனிடம் ஞாயிற்றுக்கிழமை வேதம் வாசிக்க ஏலுமா என்றார். ‘பாப்பம்.’ வேதசாத்திரம் படிக்க ஏலுமா என்றார். ‘பாப்பம்.’ கிழவர் ஓய்வு பெற்றபோது இவர் அந்தக் கோயிலின் குரு ஆகியிருந்தார். பிரசங்கத்தில் யாரையும் புண்படுத்தமாட்டார், யாரையும் எழுப்பவும் மாட்டார். ஆனால் கோயிலுக்குக் கீழே கிடந்த, கட்டடத்தைச் சூடாக்குகிற நாற்பது வருடத்துப் பொயிலரை ஓடவைக்கத் தெரிந்த ஒரே மனிதர் அவர்தான். மொன்றியல் குளிரில் அதைவிடப் பெரிய அருட்கொடை என்ன இருக்கிறது?

அந்தப் பொயிலர்தான் அவரை ஆயரும் ஆக்கியது. அங்கிலிக்கன் ஆயரை மேலே இருந்து யாரும் நியமிப்பதில்லை. குருமாரும் சனமும் கூடி, ஒருவருக்குப் பெரும்பான்மை கிடைக்கும்வரை சுற்றுச் சுற்றாக வாக்குப் போட்டுத் தெரிவார்கள். அந்த வருடம் கூட்டம் புனித ஒஸ்வால்டில் நடந்தது. கோயிலில் கிற்றார் வாசிக்கலாம் என்கிற கட்சிக்கு ஒருவர், ஓர்கன் போதும் என்கிற கட்சிக்கு ஒருவர். குடிவந்தவர்களையும் மதிக்கிறோம் என்று காட்டுவதற்காக மூன்றாவது பெயராக விமலநாதனையும் போட்டுவைத்தார்கள். விலகிக்கொள்கிறேன் என்று இங்கிலீசில் நான்கு வரி எழுதிச் சட்டைப்பையில் வைத்திருந்தார் மனிதர். அதை வாசிப்பதற்குள் பொயிலர் நின்றுவிட்டது. அவர் கீழே போனார். மேலே ஐந்து சுற்று, ஆறு சுற்று, ஏழு சுற்று. பசியும் குளிரும் சேர்ந்து வேதசாத்திர வேறுபாடுகளைத் தேய்த்துக்கொண்டே வந்தன. ஒன்பதாவது சுற்றில் கதகதப்பு மேலேறி வந்த நேரம், இந்தக் கதகதப்புக்குக் காரணமானவர் யார் என்று சபைக்குத் திடீரென்று ஞாபகம் வந்தது.

கை முழுக்கக் கரியோடு மேலே வந்தவரிடம் ஏற்றுக்கொள்கிறீரா என்று கேட்டார்கள். இங்கிலீசில் ‘பாப்பம்’ என்றார். அதைத் தாழ்மை என்று குறித்துக்கொண்டார்கள். சட்டைப்பையில் இருந்த கடிதத்தை அன்று சாயந்தரம் செலீன் சலவை இயந்திரத்தில் கண்டெடுத்தாள்.

ஏழு வருடம் ஆயர். அயல் மறைமாவட்ட ஆயர்களுக்கு எல்லாம் மூத்தவராக ஒரு பேராயர் வேண்டும் என்று வந்தபோது, மற்ற இரண்டு ஆயர்களும் ஒருவரை ஒருவர் பேராயர் ஆக்கக்கூடாது என்பதில் மட்டும் ஒற்றுமையாக இருந்தார்கள். மிச்சத்தை நீங்களே ஊகிக்கலாம்.

மொன்றியல் தமிழ்ச்சனத்துக்கு இந்த மனிதரை எங்கே வைப்பது என்று கடைசிவரை தெரியவில்லை. சைவக்காரர் கடைத்திறப்புக்குக் கூப்பிட்டுக் கோயில் ஐயருக்குப் பக்கத்தில் நிறுத்தி நாடா வெட்டவைத்தார்கள். கத்தோலிக்கருக்குத்தான் பெரிய சங்கடம். அவர்கள் ‘ஆண்டகை’ என்று கும்பிட்ட ஆயர்கள் தனியாக வருவார்கள், தனியாகப் போவார்கள். இவர் மனைவியோடு வந்து, மனைவி ‘காணும், சீனி கூடாது’ என்றதும் கேக்கைத் திருப்பி வைக்கிறார். இப்படி ஒரு ஆண்டகை உலகத்தில் உண்டா?

அவருக்குக் கார் ஓட்டவும் தெரியாது. குடியிருந்ததோ மொன்றியலின் ஓரத்தீவான இல்-பிசாரில், நினைத்தால் வருகிற பஸ். ஆயருக்கு உரிய, தலையில் வளைந்த அந்தக் கோல் ஆளுயரம். அதை மூன்று துண்டாகக் கழற்றித் தூண்டில் பையில் போட்டுக்கொண்டு மெற்றோவில் போவார். என்ன மீன் பட்டது என்று கேட்கிற கெபெக் கிழவர்களுக்கு, “இண்டைக்கு ஒண்டுமில்லை” என்று தனக்குத் தெரிந்த பிரெஞ்சில் சொல்வார். அந்தப் பிரெஞ்சு வகுப்பில் மூன்று முறை தோற்றவர் அவர்.

இனி விசயத்துக்கு வருவோம்.

பேராயராகப் பதவியேற்க ஆறு கிழமை இருந்தபோது, ஒரு பிற்பகல், அருளம்பலத்திடம் இருந்து தொலைபேசி வந்தது. அருளம்பலம் ஓய்வு பெற்று, பன்னிரண்டு வருடமாகப் புனித ஒஸ்வால்டில் கோயில் காவலராக இருந்தார். பிள்ளையார் படத்தைப் பொயிலர் அறையில் மாட்டிவைத்துக்கொண்டு கிறிஸ்துவின் வீட்டைக் கூட்டிப் பெருக்கினார். இரண்டு தரப்பும் முறையிட்டதாகத் தெரியவில்லை.

“விமலண்ணை, இஞ்சை ஒரு பிள்ளை உடுப்புப் பையோடை வந்து நிக்குது. மன்னார்ப் பிள்ளை. அஞ்சலீனா எண்டு பேர். நாளைக்குப் பிளேனிலை ஏத்தி ஊருக்கு அனுப்பப் போறாங்களாம். கோயிலுக்கை வந்து பிடிக்கமாட்டாங்கள் எண்டு ஆரோ சொல்லியிருக்கினம். கீழை இருக்கட்டுமோ?”

“பாப்பம்” என்றார் ஆண்டகை.

அந்த ஒரு ‘பாப்பத்’தின் மேல் அஞ்சலீனா நாற்பத்தொரு நாள் குடியிருந்தாள்.

அவளுக்கு முப்பத்தெட்டு வயது. டோர்வலில் மூன்று வருடம் விமானம் துடைத்தவள். எந்த இருக்கைக்குக் கீழே எச்சில் சுயிங்கத்தைச் சுரண்டினாளோ, அந்த இருக்கையில் கட்டி அனுப்ப ஆணை வந்திருந்தது. காரணம்? அவள் நாட்டில் இப்போது சமாதானமாம். எழுதியவர் அந்த நாட்டுக்குப் போனதில்லை. புருசனைக் கூட்டிக்கொண்டு போனவர்கள் வந்த தேதியை அவள் ஒரு விசாரணையில் பன்னிரண்டு என்றும் மறு விசாரணையில் பதின்மூன்று என்றும் சொல்லிவிட்டாள். ஆகவே புருசன் போனதே பொய். ஒரு நாள் கணக்குப் பிசகினால் ஒரு மனிதன் இல்லாமலே போய்விடுகிற கணிதம் இது. இதைப் படித்துப் பட்டம் வாங்கியவர்கள் செய்கிறார்கள்.

கோயிலுக்குள் புகுந்து பிடிப்பதில்லை என்பது எழுதாத வழக்கம், அவ்வளவுதான். கோயில் அவளை வெளியே விட்டால் வழக்கமும் முடிந்தது. ஆண்டகை அந்த ஆறு கிழமையும் புனித ஒஸ்வால்டின் கீழ்த்தளத்துக்கு இறங்கவே இல்லை. முகத்தைக் கண்டால் முடிவு சொல்ல வேண்டி வரும். பொயிலர் இரண்டு முறை நின்றபோதுகூடத் தொலைபேசியில்தான் வைத்தியம் சொன்னார்.

பதவியேற்புக்கு இரண்டு நாள் முன் மறைமாவட்டச் சட்ட ஆலோசகர் ஹார்ட்லி வந்தார். மூன்று பட்டம் வாங்கிய மெலிந்த மனிதர். கோயில் கட்டடத்துக்கு எடுத்திருக்கிற காப்புறுதியில் மனிதர் குடியிருப்பது சேராது என்று விளக்கினார். கடவுளை நம்புகிறவர்கள் காப்புறுதிக் கம்பனியையும் நம்புகிறார்கள். இரண்டில் எதைக் கூடுதலாக நம்புகிறார்கள் என்பது இப்படி ஒரு நாளில்தான் வெளிவரும். பதினான்கு நாளில் வெளியேற வேண்டும் என்று அஞ்சலீனாவுக்கு ஒரு கடிதம் தட்டச்சுச் செய்து கொண்டுவந்திருந்தார். கையெழுத்து மட்டும் வேண்டும்.

“சடங்கு முடிந்த பிறகு போடுங்கள். படம் எடுக்கிறவர்கள் போன பிறகு” என்றார்.

ஆண்டகை, அங்கியின் உட்பையில் கடிதத்தை வைத்துக்கொண்டார். செலீன் கதவோரம் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நின்றாள்.

“கையெழுத்து வைப்பியளோ?”

“பாப்பம்.”

“இஞ்சருங்கோ, முப்பத்தஞ்சு வருசமா உங்கடை பாப்பத்துக்கு நான் அர்த்தம் சொல்லித் தாறன். இதுக்கு நான் சொல்லமாட்டன். நீங்களே கண்டுபிடியுங்கோ.”

அவர் அன்று சாப்பாட்டில் உப்பு இல்லை என்பதைக்கூடச் சொல்லவில்லை.

பதவியேற்பைப் பெரிய கோயிலில் வேண்டாம், தான் தொடங்கிய இடத்தில் வைக்கலாம் என்று அவர்தான் கேட்டிருந்தார். ஏற்பாடு முழுவதும் அருளம்பலத்தின் பொறுப்பு. சடங்குப் புத்தகத்தைக் கொடுத்தார்கள். புதிய பேராயர் மூடிய பெரிய வாசலில் வந்து நின்று கோலால் மூன்று முறை தட்ட வேண்டும். உள்ளேயிருந்து ஒருவர் ‘நீ யார்? ஏன் வந்தாய்?’ என்று கேட்க வேண்டும். ‘நான் ஊழியன், வாசலைத் திற’ என்று சொன்னதும் கதவு திறக்கும். நிறைந்திருக்கும் சபை எழுந்து நிற்கும். நல்ல நாடகம்தான்.

அருளம்பலம் எல்லாவற்றையும் வாசித்தார். ‘நிறைந்திருக்கும் சபை’ என்ற இடம் மட்டும் அவருக்குப் பொருந்தவில்லை. இருபது வருடம் சைவக் கோயில் தேர்த்திருவிழாவுக்கு ஒழுங்கு செய்த கை.

“சாமி வெளிவீதி வரேக்கை சனம் உள்ளுக்கை குந்தியிருக்குமோ? என்ன மரியாதை அது!” என்று தனக்குள் சொல்லிக்கொண்டு, அன்று வந்திருந்த இருநூறு பேரையும், குருமார், பாடகர் குழு, எக்காளக்காரர், சூப்புக்கு வருகிற மூவர் உட்பட, முன்மண்டபத்தில் தேநீர் கொடுத்து, பக்கக் கதவால் வெளியே அனுப்பி வரிசைப்படுத்திவிட்டார். பிறகு படிக்கட்டில் பனிக்கட்டிக்கு உப்புப் போடுவதற்காகப் பக்கக் கதவால் தானும் வெளியே வந்தார். பக்கக் கதவு தானாகப் பூட்டிக்கொள்கிற கதவு. சாவி உள்ளே ஆணியில் தொங்கியது.

தை மாதம், வெயில் பளபளத்த மத்தியானம், பூச்சியத்துக்குக் கீழே இருபத்திரண்டு.

ஊர்வலம் வந்தது. தலையில் இரட்டைக் கூம்பு முடி, தோளில் பொன்சரிகை, ஒரு கையில் கோல். படி வழுக்கும் என்று மறு கையைச் செலீன் பிடித்திருந்தாள். ஆண்டகையின் நெஞ்சுக்கு நேரே உட்பையில் கடிதம் இருந்தது. இன்றைக்கு எல்லாம் ஒழுங்காக நடந்தால் சாயந்தரம் கையெழுத்துப் போடவேண்டி வரும் என்று நினைத்தார். ஒழுங்காக நடக்காமல் போகலாம் என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை.

கோலை உயர்த்திக் கதவில் தட்டினார். ஒன்று. இரண்டு. மூன்றாவது தட்டில் கோலின் அடித்துண்டு கழன்று படியால் உருண்டு எக்காளக்காரரின் காலடியில் போய் நின்றது.

உள்ளே சத்தமில்லை. எல்லாரும் காத்திருந்தார்கள். அருளம்பலத்தின் முகத்தில் முதலில் பெருமிதம் இருந்தது. பிறகு ஒரு யோசனை. பிறகு அவர் கை தன் இடுப்புச் சாவிக்கொத்தைத் தேடியது.

“விமலண்ணை,” என்று மெதுவாகச் சொன்னார், “ஒரு சின்னப் பிழை நடந்துபோச்சு.”

“என்ன பிழை?”

“உள்ளுக்கை ஒருத்தரும் இல்லை. அந்தப் பிள்ளையைத் தவிர.”

“அப்ப அதைத் திறக்கச் சொல்லும்.”

“அதுதான் பிழை” என்றார் அருளம்பலம்.

கதவில் இடுப்பு உயரத்தில் கடிதம் போடுகிற பித்தளை வாய் ஒன்று இருந்தது. அது உள்ளிருந்து மெல்லத் திறந்தது. இரண்டு கண்கள்.

“ஆர்?”

“பிள்ளை, நான் அருளண்ணை. கதவைத் திற.”

“அண்ணை, நீங்கள்தானே சொன்னியள். ஆர் தட்டினாலும் திறக்காதை, என்ரை குரல் கேட்டாலும் திறக்காதை, என்னைப் பிடிச்சு வைச்சுக் கதைக்கச் சொல்லுவினம் எண்டு.”

“ஓம், சொன்னனான்தான். ஆனா இப்ப என்னை ஒருத்தரும் பிடிக்கேல்லை.”

“பிடிச்சு வைச்சிருந்தாலும் அப்பிடித்தானே சொல்லுவியள்.”

அருளம்பலம் பித்தளை வாயில் இருந்து நிமிர்ந்தார். ஊரில் முகமூடி போட்டு ஆளைக் காட்டிக்கொடுக்கிற தலையாட்டிகளுக்கு முன்னால் வரிசையில் நின்று பழகிய சனத்துக்கு அவரே கொடுத்த பாடம். நல்ல மாணவி.

ஆண்டகை குனிந்தார். கூம்பு முடி கதவில் முட்டியது. “பிள்ளை, நான் ஆண்டகை.”

பித்தளை வாயால் பார்த்தவளுக்கு முகம் தெரியவில்லை. சரிகைக்கரை தெரிந்தது. ஒரு மோதிரக் கை தெரிந்தது. அந்தக் கையை இறுக்கிப் பிடித்திருந்த வளையல் கை ஒன்றும் தெரிந்தது.

“உங்களைப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறது ஆர்?”

“என்ரை மனுசி.”

பித்தளை வாய்க்குக் கண்கள் இன்னும் கிட்ட வந்தன.

“ஆண்டகைக்கு மனுசியோ?” அஞ்சலீனாவின் குரல் உயர்ந்தது. “நான் பேசாலைக் கோயிலிலை ஞானஸ்நானம் எடுத்தனான். என்னை என்ன, மோட்டுப் பேய்ச்சி எண்டு நினைச்சியளோ? வேசம் போட்டு வாறவங்கள் ஒழுங்கா விசாரிச்செண்டாலும் வந்திருக்கலாம்!”

“நாங்கள் றோமன் இல்லைப் பிள்ளை. எங்கடை சபையிலை கட்டலாம்” என்றாள் செலீன்.

அருளம்பலம் உதவிக்கு வந்தார். “அது பெரிய கதை, பிள்ளை. இங்கிலாந்திலை ஒரு ராசா இருந்தவர். அவருக்கு ஆறு மனுசி...”

“ஆறோ! மாதாவே!” பித்தளை வாய் படீரென்று மூடியது.

வரிசையில் நின்றவர்கள் கால்மாற்றினார்கள். எக்காளக்காரர் வாயில் வைத்த எக்காளம் உதட்டோடு ஒட்டிக்கொண்டது. தொலைக்காட்சிப் பெண் ஒருத்தி, கம்பளித் தொப்பியைக் காதுவரை இழுத்துவிட்டு, கமராக்காரரை முன்னுக்குத் தள்ளிக்கொண்டு வந்தாள். இவ்வளவு நேரம் உறங்கிய சடங்கு அவளுக்கு இப்போதுதான் செய்தியாகத் தெரிந்தது.

வாய் மறுபடி திறந்தது. “சரி. ஆண்டகை எண்டால் செபமாலையிலை துக்க தேவரகசியம் அஞ்சையும் சொல்லுங்கோ.”

விமலநாதனுக்கு வேதசாத்திரத்தில் இரண்டு பட்டம். கத்தோலிக்கரின் செபமாலை அவருடைய சபையில் வழக்கமில்லை. தலையைச் சொறியப் போனார். முடி தடுத்தது. செலீன் வாயைக் கையால் மறைத்துக்கொண்டு, “பூங்காவனத்திலை இரத்த வேர்வை...” என்றாள்.

“பூங்காவனத்திலை...” என்று தொடங்கினார் ஆண்டகை.

“மனுசி சொல்லிக் குடுக்கிறா! எனக்குக் கேக்குது!”

இருபத்திரண்டு பாகைக் குளிரில், மூடிய ஒரு கதவுக்கு முன்னால், தான் யார் என்பதை நிறுவ முடியாமல் நின்றார் விமலநாதன். சொன்ன ஒவ்வொரு உண்மையும் அவருக்கு எதிராகவே போனது. நாற்பது வருடத்துக்கு முன் ஒரு அகதி விசாரணை மேசைக்கு இந்தப் பக்கம் இருந்தபோதும் இப்படித்தான். தேதி பிசகினால் பொய், பிசகாவிட்டால் பாடமாக்கியது. அன்றைக்கு அந்த மேசைக்காரர் அவரை நம்பியதற்கும் ஒரு நியாயமும் இல்லை. மத்தியானச் சாப்பாட்டுக்கு நேரமாகிவிட்டது, அவ்வளவுதான்.

ஹார்ட்லி காதருகே வந்தார். “பூட்டு உடைக்கிறவனைக் கூப்பிடுகிறேன். பொலிசுக்கும் சொல்லிவிட்டால் இன்றைக்கே இரண்டு வேலையும் முடிந்துவிடும்.” சொல்லிவிட்டுத் தொலைபேசியோடு கார்ப்பக்கம் போனார்.

அப்போது உள்ளேயிருந்து குரல் வந்தது. இந்தமுறை கோபம் இல்லை.

“நீங்கள் மெய்யா ஆண்டகை எண்டால் ஒண்டு சொல்லுங்கோ. என்னை வெளியிலை விடமாட்டன் எண்டு சொல்லுங்கோ. நான் திறக்கிறன்.”

அறுபத்தாறு வருடப் பழக்கம் நாக்கில் தயாராக நின்றது.

“பாப்பம், பிள்ளை.”

“எல்லாரும் அதைத்தான் சொன்னவை” என்றாள் அஞ்சலீனா. “என்ரை லோயர் பாப்பம் எண்டவர். விசாரிச்ச ஐயா பாப்பம் எண்டவர். ஊரிலை, மனுசனைக் கொண்டுபோன ஆமிக்காரனும், விடுறியளோ எண்டு கேக்க, பாப்பம் எண்டுதான் சொன்னவன். பாத்துப் பாத்து எனக்குக் கண் பூத்துப்போச்சு ஆண்டகை. வேறை சொல்லு இல்லையோ உங்களிட்டை?”

ஆண்டகை என்று அவள் சொன்னதை அவர் கவனித்தார். செலீனைப் பார்த்தார். செலீன் வானத்தைப் பார்த்தாள். அர்த்தம் சொல்லமாட்டேன் என்றவள் சொல் தவறவில்லை.

விமலநாதன் செலீனின் பிடியில் இருந்து கையை எடுத்தார். அங்கியை விலக்கி உட்பையில் இருந்து கடிதத்தை எடுத்தார். விறைத்த விரல்களால் அதைப் பித்தளை வாய்க்குள் தள்ளினார்.

“இதிலை என்ன எழுதியிருக்கு?” என்று கேட்டது குரல்.

“உன்னைப் பதினாலு நாளிலை வெளியேறச் சொல்லி எழுதியிருக்கு.”

படியில் நின்ற தமிழ்ச்சனம் மூச்சை இழுத்துக்கொண்டது.

“அடியிலை பார். கையெழுத்து இருக்கோ?”

“...இல்லை.”

“அந்தக் கையெழுத்து வைக்கவேண்டியவன் நான். வைக்கமாட்டன். இண்டைக்குமில்லை, பேந்துமில்லை. நீ கோயிலுக்குள்ளை இருக்கிறாய். நான் பேராயரா இருக்குமட்டும் உன்னை ஒருத்தரும் வெளியிலை விடேலாது. முடியாது. விளங்குதோ? முடியாது! கிழி அதை.”

வாழ்நாளில் அவர் சொன்ன முதலாவது ‘முடியாது’. இரண்டாவது தரம் சொன்னது பழக்கத்துக்காக. உள்ளே காகிதம் கிழிகிற சத்தம் கேட்டது. நிதானமாக, நாலாக, எட்டாக.

தொலைக்காட்சிப் பெண் ஒலிவாங்கியை நீட்டினாள். என்ன சொன்னீர்கள், பிரெஞ்சில் சொல்லுங்கள் என்றாள். மூன்று முறை பிரெஞ்சில் தோற்றவர் கொஞ்சம் யோசித்தார். “எல் ரெஸ்த்” என்றார். அவள் இருக்கிறாள். இரண்டே சொல். பிழைவிட இடமில்லை. கெபெக் முழுவதற்கும் விளங்கிவிட்டது.

தாழ்ப்பாள் நகர்ந்தது. கதவு நகரவில்லை. அந்தப் பெரிய வாசல் புரட்டாதிக்குப் பிறகு திறக்கப்படவில்லை. விளிம்பெல்லாம் பனி இறுகிக் கிடந்தது. குருமார் ஒருவர் இது சோதனை என்று தொடங்கி ஒரு செபம் சொல்லப் பார்த்தார். அருளம்பலம் அவரை விலக்கிவிட்டு, உப்பு வாளியைக் கவிழ்த்து, கடப்பாரையால் நெம்பி, “தள்ளுங்கோ! எல்லாரும் சேர்ந்து! ஆ... அரோகரா!” என்றார். தேர் நகர்த்திப் பழகிய குரல். அங்கிலிக்கன் சபை தோள்கொடுத்துத் தள்ளியது. கதவு திறந்தது.

கூட்டுகிற தும்புத்தடியைத் தடிபோலப் பிடித்தபடி ஒல்லியாக ஒருத்தி நின்றாள். ஆறு கிழமை அவர் பார்க்கப் பயந்த முகம். மூக்கில் பொயிலர்க் கரி இருந்தது. அவளே அதைத் திருத்தப் பழகிவிட்டாள் போலிருந்தது.

அவள் அவரை முடியில் இருந்து சப்பாத்துவரை பார்த்தாள். பிறகு செலீனைப் பார்த்தாள்.

“அக்கா, மெய்யாவே நீங்கள் கட்டின மனுசியோ?”

“ஓமடி பிள்ளை. வேணுமெண்டால் படம் காட்டுறன்.”

“சரி, உள்ளுக்கை வாங்கோ. சப்பாத்தைத் தட்டிப்போட்டு வாங்கோ, இப்பதான் துடைச்சனான்.”

இருநூறு பேரும் ஒவ்வொருவராகச் சப்பாத்தைத் தட்டிக்கொண்டு உள்ளே போனார்கள். ‘நீ யார், ஏன் வந்தாய்’ என்று உள்ளிருந்து கேட்கப்பட்டதால் சடங்கு முறைப்படியே நடந்தது, நேரம்தான் கூடிவிட்டது என்று சபைச் செயலாளர் குறிப்பேட்டில் எழுதினார். கோலின் அடித்துண்டை எக்காளக்காரர் கொண்டுவந்து கொடுத்தார். அஞ்சலீனா கடைசி ஆளுக்குப் பிறகு கதவைச் சாத்தி, தாழ்ப்பாளைப் போட்டு, இரண்டு தரம் இழுத்துப் பார்த்தாள்.

பாட்டுத் தொடங்கியது. ஆண்டகை ஆசனத்துக்கு நடந்துகொண்டிருந்தார். பாதி வழியில் வாசலில் சத்தம் கேட்டது. ஒன்று. இரண்டு. மூன்று.

அஞ்சலீனா பித்தளை வாயால் எட்டிப் பார்த்துவிட்டு, நடுக்கோயிலில் நின்ற பேராயரைத் திரும்பிப் பார்த்தாள்.

“ஆண்டகை, ஒரு வெள்ளைக்காரர். மெல்லிசா இருக்கிறார். போனும் கையுமா நிண்டு நடுங்குறார். லோயராம். திறக்கட்டோ?”

விமலநாதன் கூம்பு முடியைச் சரிசெய்துகொண்டார்.

“பாப்பம்” என்றார்.